மூடாத கை

கடலுக்கு மேலே ஒரு மைதானம் மிதந்தது என்று சொன்னால் சிரிக்காதீர்கள், கண்ணுகளா. மிதந்தது. தூத்துக்குடித் துறைமுகத்தின் அலைதடுப்புச் சுவரைத் தாண்டித் தோணியில் கொஞ்ச தூரம் போனால், காலைப் பனிக்குள்ளிருந்து முதலில் விளக்குக் கம்பங்கள் தெரியும். அப்புறம் பச்சையாக ஏதோ தெரியும். அது புல்தான் என்று மனசு ஒப்புக்கொள்வதற்குள் தோணி போய் லேசாக முட்டி நிற்கும்.

நிலத்துக்கு விலை ஏறிப்போய், மைதானங்களைக் கடலில் கட்டிய காலம் அது. பெருங்கடலைச் சுற்றியிருந்த ஊர்களெல்லாம் சேர்ந்து பேஸ்பால் ஆடத் தொடங்கியிருந்தன. கொழும்பு, மாலே, பினாங்கு, மொம்பாசா, நம்ம தூத்துக்குடி. நம்ம ஊர் அணிக்குத் திருக்கை மீனின் பேரில் திருக்கை அணி என்று பெயர். அலை ஏறி இறங்கும்போது மைதானமும் ஏறி இறங்கும். ஆடுகிறவர்களுக்கு அது பழகிவிடும். பார்க்கிறவர்களுக்குத்தான் கண் சொக்கும், தொட்டிலுக்குள் உட்கார்ந்து ஆட்டம் பார்க்கிற மாதிரி.

பேஸ்பால் தெரியாதவர்களுக்கு ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன், மீதியெல்லாம் தானாகப் புரியும். நடுவில் ஒரு சின்ன மேடு. அதில் நின்று பந்து எறிகிறவர் பிட்சர். எதிரே மட்டையோடு எதிரணிக்காரர். அவருக்குப் பின்னால் முகமூடி போட்டு, குந்தி உட்கார்ந்து, தவறவிட்ட பந்தையெல்லாம் கையுறையில் வாங்குகிறவர் கேட்சர். அணியில் மற்ற எல்லோரும் ஒரு பக்கம் பார்த்து நிற்பார்கள். கேட்சர் ஒருவர் மட்டும் அவர்களைப் பார்த்து உட்கார்ந்திருப்பார். ஆட்டம் முழுவதையும் கண்ணால் பார்க்கிற ஒரே ஆள்.

திருக்கை அணிக்கு அந்த ஆள் சலேத்.

சலேத்தைக் கண்டுபிடித்த கதையே விசித்திரம். கல்லூரியில் கேட்சராக ஆடியவள், கல்யாணத்துக்குப் பிறகு இறால் கம்பெனியில் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தாள். ஐஸ் கூடத்தில் நாள் முழுக்கக் கையை நனைத்துக்கொண்டு நிற்கிற வேலை. ஒரு நாள் அணியின் மேனேஜர் வரதராஜன் அங்கே வந்தார். கூடவே அணியின் டாக்டர் பார்கவி. ஒரு வாளியில் ஐஸ் தண்ணீரை ஊற்றி, பேஸ்பால் தெரிந்த பெண்களைக் கூப்பிட்டு, "கையை விடுங்க. முடியலைன்னா எடுத்துடுங்க" என்றார் டாக்டர்.

ஒவ்வொருத்தியாக எடுத்துவிட்டார்கள். சலேத் மட்டும் வாளிக்குள் கையை வைத்துக்கொண்டு பக்கத்தில் நின்றவளிடம் மீன்குழம்புக்கு மாங்காய் போடுவதைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தாள். பேசி முடித்துவிட்டுத்தான் திரும்பினாள்.

"போதுமா சார், இன்னும் வேணுமா? எனக்கு அங்கன கூடை கெடக்கு."

வரதராஜன் சிரித்தார். "நான் சொன்னேன் இல்லையா டாக்டர். பொம்பளைங்கதான் இதுக்குச் சரி. பெத்துப் பொழைக்கிற உடம்பு."

டாக்டர் ஒரு துண்டை எடுத்துச் சலேத்தின் கையைத் துடைத்துவிட்டார்.

எதற்கு இந்தச் சோதனை என்று அன்று சாயங்காலம்தான் சொன்னார்கள். டாக்டர் ஒரு சின்னப் பெட்டியைத் திறந்து காட்டினார். உள்ளே இரண்டு கருப்பு மணிகள். மேலே சுருக்கம் சுருக்கமாக, அச்சு அசல் மிளகு.

"இதை யாராவது ரசத்துல போட்டுறப் போறாக" என்றாள் சலேத்.

"காதுக்குப் பின்னால ஒட்டிக்கணும். ஒண்ணு பிட்சருக்கு, ஒண்ணு உங்களுக்கு. அவர் எறியும்போது தோள்ல வர்ற வலி அவருக்குத் தெரியாது. உங்களுக்கு வந்துடும்."

"ஏன் டாக்டர், அவருக்கு மரத்துப்போக ஊசி போட்டா ஆகாதா? பல்லு டாக்டர் போடுதாகளே?"

"போட்டுப் பார்த்தோம். வலியே இல்லாத கைக்குத் தான் எங்க இருக்கோம்னு தெரியலை. பந்து கேலரிக்குப் போச்சு. ஆனா வேற ஒரு உடம்பு அந்த வலியை வாங்கி வச்சுக்கிட்டா, எறியற கை ஏமாந்துடுது. வலி எங்கேயோ பத்திரமா இருக்கு, யாரோ பார்த்துக்கிறாங்கன்னு நம்பிடுது."

"யாரோன்னா நானா?"

"நீங்கதான்."

"எவ்வளவு வலிக்குதுன்னு மெஷின் காட்டுமா?"

"வலியைக் காட்டற மெஷின் இன்னும் யாரும் செய்யலை, சலேத். வலிக்கிறவங்க சொன்னாத்தான் உண்டு." டாக்டர் தன் வலது கையைத் தொடையோரம் வைத்துக் காட்டினார். "நான் பக்கத்துக் கூடாரத்துல உட்கார்ந்து பார்த்துட்டே இருப்பேன். லேசா இருந்தா ஒரு விரல். நாலு விரல்னா பல்லைக் கடிக்கிற வலி. கையை மூடிட்டீங்கன்னா, போதும்னு அர்த்தம். அந்த நிமிஷமே பிட்சரை வெளியே எடுத்துடுவோம். யாரும் கேள்வி கேட்க முடியாது, அது விதி. ஆனா பிட்சர்கிட்ட மட்டும் வலியைப் பத்தி மூச்சு விடக் கூடாது. பயந்துட்டா கை குழம்பிடும்."

கேட்சர்கள் விரலால் சைகை காட்டுவது பேஸ்பாலில் பழைய வழக்கம்தான். எந்தப் பந்தை எறியச் சொல்கிறோம் என்று பிட்சருக்குக் காட்டுவார்கள். அந்தப் பேச்சு காதுக் கருவிக்குப் போய்விட்டதால் விரல்கள் சும்மா இருந்தன. சும்மா இருந்த விரல்களுக்கு இந்த வேலை வந்து சேர்ந்தது.

விதியில் எழுதாத ஒன்றும் இருந்தது. கையை மூடிய கேட்சருக்கு அடுத்த வருஷம் அழைப்பு வராது. யாரும் காரணம் சொல்ல மாட்டார்கள். வராது, அவ்வளவுதான். சலேத் அதைச் சீக்கிரமே புரிந்துகொண்டாள். அதனால் தானாகவே ஒரு வழக்கம் வைத்துக்கொண்டாள். உள்ளே எத்தனை விரல் வலியோ, வெளியே அதில் ஒன்று குறைத்துக் காட்டுவாள்.

வருஷங்கள் போயின. பிட்சர்கள் வந்தார்கள், போனார்கள். சலேத் இருந்தாள். மூடாத கைக்காரி என்று பத்திரிகைகள் எழுதின. துறைமுக ரோட்டில் அவள் கையை மட்டும் பெரிதாகப் படம் எடுத்துப் பலகை வைத்தார்கள். அதன் கீழே நின்று ஆட்டோவுக்குக் காத்திருக்கையில் அவளையே யாருக்கும் அடையாளம் தெரியாது.

பிட்சர்களில் கடைசியாக வந்தவன் இசக்கிராஜா. உடன்குடிப் பக்கத்துப் பையன். ஒட்டடைக்கம்பு மாதிரி உயரம். வந்த முதல் நாளே நேராகச் சலேத்திடம் போய் நின்றான்.

"யக்கா, நான் எறியிறது ஒங்களுக்குத்தான் வலிக்குமாமே."

"ஆமா. அதுக்கு என்ன இப்ப?"

"ரொம்ப வலிச்சா ஏசிருங்க."

"ஏசுனா நீ எறிய மாட்டியேலே. போ, போயி நில்லு."

அவன் எறிந்தான். கண்ணுகளா, அந்தப் பையனின் பந்து முதலில் கையுறையில் சத்தமாக விழும், அதற்குப் பிறகுதான் அது வந்ததே தெரியும். அன்று சலேத்தின் தோளில் சூட்டுக்கோல் வைத்தது மாதிரி இருந்தது. ஆனாலும் முகமூடிக்குள் சிரித்துக்கொண்டாள். அவ்வளவு நல்ல பந்தை அவள் வாங்கியதே இல்லை.

அவர்களுக்குள் ஒரு சடங்கு வந்தது. மைதானத்துக்குள் இறங்குமுன் சலேத் அவன் காதுக்குப் பின்னால் விரலை வைத்து மணி ஒட்டியிருக்கிறதா என்று தொட்டுப் பார்ப்பாள். இருந்தால் மண்டையில் ஒரு தட்டு. "போலே." அந்தத் தட்டு விழாமல் அவன் மேட்டில் ஏறியதே கிடையாது.

ஆரம்பத்தில் மணியைக் கழற்றினால் வலியும் கழன்றுவிடும். பிறகு பிறகு, கழற்றின பின்பும் கொஞ்சம் தங்கியது. கேட்சர்களுக்கெல்லாம் அப்படித்தான். அதற்கு அவர்கள் மிச்சம் என்று பேர் வைத்திருந்தார்கள். "இன்னைக்கு மிச்சம் கூட" என்று ஒருத்திக்கொருத்தி சொல்லிக்கொள்வார்கள். சாப்பாட்டு மிச்சம் மாதிரி, அதை ஓர் ஓரமாக மூடி வைத்துவிட்டுத் தூங்கப் போவார்கள்.

ஒரு கிறிஸ்துமஸுக்கு இசக்கி கருப்பட்டியும் பனங்கிழங்கும் எடுத்துக்கொண்டு சலேத் வீட்டுக்கு வந்தான். உள்ளே அவள் மகள் ஜெனோவா முக்காலியில் உட்கார்ந்திருந்தாள். கோயிலுக்குப் போகத் தலை பின்ன வேண்டும். சலேத் சீப்பை எடுத்துக் கையைத் தூக்கினாள். பாதியில் கை நின்றுவிட்டது. இன்னொரு தடவை தூக்கினாள். அங்கேயே நின்றது. அவள் புருஷன் சந்தியாகு, தோணியில் வேலை பார்க்கிறவர், சீப்பை வாங்கிக்கொண்டு மகளுக்குப் பின்ன ஆரம்பித்தார். அது அந்த வீட்டில் பழகிப்போன காரியம் என்று பார்த்ததுமே தெரிந்தது.

"அப்பா பின்னுனா பூனைவால் மாதிரி இருக்கும்மா" என்றாள் ஜெனோவா.

"பூனைக்கு அது அழகுதானட்டி" என்றார் சந்தியாகு. "வடம் முறுக்குன கையி. இந்த அளவு வாறதே பெருசு."

இசக்கி சலேத்தின் தோளையே பார்த்துக்கொண்டிருந்தான். அவள் அதைக் கவனித்துவிட்டுச் சிரித்தாள்.

"என்னலே பாக்க? இது ஒன் தோளுதாம்ல. வாடகை இல்லாம என் வீட்டுல குடியிருக்கு."

எல்லோரும் சிரித்தார்கள். அவன் சிரிக்கவில்லை. பிறகு சாப்பிட உட்கார்ந்தபோதும் இலையில் பாதியை வைத்துவிட்டு எழுந்துபோனான்.

அடுத்த பருவத்தில் இசக்கியின் ஆட்டம் மாறியிருந்தது. பழைய வேகம் இல்லை. ஓர் எறிதலுக்கும் அடுத்ததற்கும் நடுவில் தோளைச் சுழற்றுவான், மேட்டைச் சுற்றி நடப்பான், கடலைப் பார்ப்பான். பிறகு கனவில் வருகிற மாதிரி ஒரு பந்து. அது வருமுன்னே எதிராளி மட்டையை வீசிவிட்டு நிற்பார். பந்து அதற்கப்புறம் மெல்ல வந்து, வளைந்து, சலேத்தின் கையுறையில் இறங்கும், கூட்டுக்குத் திரும்புகிற புறா மாதிரி. தூங்கவைக்கும் பந்து என்று பத்திரிகைகள் கொண்டாடின. திருக்கை அணி தோற்கவே இல்லை.

வேகம் குறைந்தும் வலி குறையவில்லை, அதுதான் சலேத்துக்கு ஆச்சரியம். கூடியது. முன்பெல்லாம் அவன் எறியும்போது வலிக்கும். இப்போது அவள் பந்தைத் திருப்பி எறியும்போது தோளில் சுருக்கென்றது. அவன் வலி நேரம் கழித்து வந்து சேருகிறது போல என்று நினைத்துக்கொண்டாள். மணியும் பழசாகிவிட்டது அல்லவா?

டாக்டருக்கு இரண்டு விரல் காட்டினாள். உள்ளே மூன்று. பருவம் முடியும்போது மூன்று காட்டினாள். உள்ளே நாலு.

கோப்பைக்கான கடைசி ஆட்டம் பினாங்கு அணியோடு, நம்ம மைதானத்தில். பனி இறங்கிய மாலை. ஒசாகாவிலிருந்து ஒரு பெரிய அணியின் ஆட்கள் வெள்ளைத் தொப்பி போட்டு முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார்கள். இசக்கியைப் பார்க்க வந்தவர்கள். அவர்களுக்குப் பிடித்துவிட்டால் அவன் அம்மா இனிமேல் பீடி சுற்ற வேண்டாம். தங்கச்சிமாருக்குப் படிப்பு.

வரதராஜன் சலேத்தைத் தனியே கூப்பிட்டார். "ஒசாகாக்காரங்க கேட்ட முதல் கேள்வி, அவனுக்கு எப்பவாச்சும் கை மூடியிருக்காங்கறதுதான். மூடின பிட்சரை அவங்க தொட மாட்டாங்க. எங்க சலேத் இருக்காங்க, மூடாதுன்னு சொல்லியிருக்கேன்."

"மூடாது சார்" என்றாள்.

இறங்குமுன் இசக்கியின் காதுக்குப் பின்னால் தொட்டுப் பார்த்தாள். இருந்தது. மண்டையில் தட்டினாள். "போலே. இது ஒசாகாத் தட்டு."

ஆட்டம் நன்றாகத்தான் போனது. ஒரு புள்ளி முன்னால் நின்றோம். மைதானம் மெல்ல ஆடியது. கூட்டம் பாதி தூக்கத்தில் கைதட்டியது. ஏழாவது இன்னிங்ஸில் பினாங்குக்காரன் ஒருவன் பேஸ் திருட, அதாவது அசந்த நேரம் பார்த்து அடுத்த மூலைக்குப் போய்ச் சேர, ஓடினான். அவனை மடக்கச் சலேத் குந்தின இடத்திலிருந்து எழுந்து, முழுத் தோளையும் கொடுத்துப் பந்தை எறிந்தாள்.

அப்போது அது வந்தது. சூடு இல்லை, குத்தல் இல்லை. குளிர்ச்சியாக, மெல்லிசாக, எதுவோ ஒரு புரி விட்டது. சந்தியாகு ஒரு தடவை சொல்லியிருக்கிறார். தோணி வடத்தில் முதல் புரி அறுகிறபோது சத்தமே வராதாம். கையில் ஓர் அதிர்வு மட்டும் வருமாம். அது தெரிந்தவன் விலகிக்கொள்வான். தெரியாதவன் அடுத்த இழுப்பையும் இழுப்பான்.

இவன் தோள் அறுகிறது, என்று சலேத் நினைத்தாள். இன்னும் கொஞ்சம் பந்துதான். அப்புறம் இந்தப் பையன் வாழ்நாளில் கையைத் தூக்க மாட்டான். அவனுக்கோ அது தெரியவே தெரியாது.

அம்பயரிடம் நேரம் கேட்டுவிட்டு மேட்டுக்கு நடந்தாள். கேட்சர் அப்படிப் போய்ப் பேசலாம்.

"எலே, தோளு எப்படி இருக்கு?"

"நல்லாருக்கு யக்கா." அவன் முகமூடிக்குள் குனிந்து பார்த்தான். "ஒங்களுக்கு?"

இத்தனை வருஷத்தில் ஒரு பிட்சரும் அதைக் கேட்டதில்லை.

"எனக்கென்ன, சும்மா உக்காந்துதான இருக்கேன்."

"மொகம் வெளுத்துருக்கு யக்கா. ஒண்ணு சொல்லணும்..."

"பனிலே அது. போ, எறி."

அம்பயர் வந்துவிட்டார். அவள் திரும்பிப்போய்க் குந்தினாள். ஒரு பந்து வந்தது, வாங்கினாள், திருப்பி எறிந்தாள். இன்னொரு புரி. வெள்ளைத் தொப்பிகள் தெரிந்தன. கூடாரத்தில் டாக்டரின் முகம் தெரிந்தது. அவன் அம்மா, தங்கச்சிமார், ஜெனோவாவின் பள்ளிக்கூடம், துறைமுக ரோட்டுப் பலகை எல்லாம் பனிக்குள்ளே வரிசையாக வந்து நின்றன. எல்லாம் ஒரு பக்கம். இந்த ஒட்டடைக்கம்பின் கை ஒரு பக்கம்.

தொட்டாற்சிணுங்கி இலை மூடுகிற மாதிரி, ஒவ்வொரு விரலாக, சலேத்தின் கை மூடிக்கொண்டது.

முதலில் யாருக்கும் நம்பிக்கை வரவில்லை. டாக்டர் எழுந்து நின்ற பிறகுதான் கூட்டம் விழித்தது. அப்புறம் எழுந்த கூச்சலில் கடல்காக்கைகள் எல்லாம் பறந்துபோயின. வெள்ளைத் தொப்பிகளில் ஒருவர் ஏதோ சொல்ல, மற்றவர்கள் எழுந்தார்கள்.

இசக்கி மேட்டில் நின்று தன் கையைப் பார்த்தான். தோளைச் சுழற்றிப் பார்த்தான். அப்புறம் அவன் முகம் மாறியது. விதிப்படி தன் கூடாரத்துக்குப் போக வேண்டியவன், சலேத்தை நோக்கி ஓடி வந்தான்.

"யக்கா! எங்க வலிக்கி?"

"எனக்கில்லடா. ஒனக்குத்தாம்ல வலிக்கி!"

"எனக்கில்ல யக்கா" என்றான் அவன், அழுகிற குரலில். "சத்தியமா எனக்கில்ல."

அந்த ஆட்டத்தில் தோற்றோம். அதை நான் நீட்டப் போவதில்லை.

கரைக்கு வந்ததும் இசக்கியின் தோளைப் படம் எடுத்துப் பார்த்தார்கள். பச்சைப்பிள்ளையின் தோள் மாதிரி சுத்தமாக இருந்தது. வரதராஜன் படத்தையும் சலேத்தையும் மாறி மாறிப் பார்த்தார். "ஒண்ணுமே இல்லாத கைக்காகக் கோப்பையைக் குடுத்துட்டீங்களே" என்று மட்டும் சொல்லிவிட்டு வெளியே போனார். அவர் கத்தியிருந்தால்கூடத் தேவலை.

சலேத் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தாள். "எனக்குத் தெரிஞ்சதே டாக்டர். அறுந்தது தெரிஞ்சதே."

டாக்டர் பார்கவி படம் எடுக்கிற மேஜையைத் தட்டி, "நீங்க படுங்க" என்றார்.

"நானா? எனக்கு எதுக்கு?"

"சும்மா படுங்க."

மாட்டிய படத்தில் சலேத்தின் தோள் தெரிந்தது. வடம் போல் இருக்க வேண்டிய ஒன்று, நைந்துபோய், ஒரு நூல் கனத்துக்குப் பிடித்துக்கொண்டிருந்தது. "இன்னும் ஒரு தடவை முழு வீச்சா எறிஞ்சிருந்தா இதைத் தைக்கறதுக்குக்கூட ஒண்ணும் மிஞ்சியிருக்காது" என்றார் டாக்டர். "இது இன்னைக்கு வந்ததில்லை. ரொம்ப நாளா இருக்கு."

"அது மிச்சம் டாக்டர். அவன் வலியோட மிச்சம்."

கதவோரம் நின்ற இசக்கி அப்போதுதான் உள்ளே வந்தான். சட்டைப் பையிலிருந்து ஒரு தைல டப்பாவை எடுத்துத் திறந்தான். பஞ்சுக்குள் ஒரு கருப்பு மணி இருந்தது. பிறகு தன் காதுக்குப் பின்னால் கையை விட்டு, கோந்தோடு ஒட்டியிருந்ததைப் பிய்த்து, டாக்டரின் மேஜைமேல் வைத்தான். விரலால் அழுத்தினான். அது நொறுங்கியது. அறை முழுக்க மிளகு வாசம்.

"அன்னைக்கு வீட்டுல நீங்க கையத் தூக்க முடியாம நின்னீங்கள்ல யக்கா. அதுக்கப்புறம் நான் மணிய ஒட்டவே இல்ல. நீங்க தொட்டுப் பாப்பீங்களே, அதான் அம்மா அஞ்சறைப் பெட்டியில இருந்து இத எடுத்தேன். இந்த வருசம் பூரா என் வலிய நான்தான் பட்டேன். வலிக்கப் போகுதுன்னு தெரிஞ்சா நிறுத்துவேன், சுத்தி நடப்பேன், மெதுவா எறிவேன். அதான் என் தோளு நல்லாருக்கு."

தூங்கவைக்கும் பந்து எங்கேயிருந்து வந்தது என்று இப்போது உங்களுக்கும் தெரிந்திருக்கும்.

சலேத் அவனை அணைத்துக்கொண்டாள் என்றுதான் நீங்கள் எதிர்பார்ப்பீர்கள். இல்லை. அவளுக்கு ஆத்திரம் வந்தது.

"ஏம்ல எங்கிட்ட சொல்லல?"

"வலியத் தாங்குறதுக்குத்தான யக்கா ஒங்களுக்குச் சம்பளம்? தாங்க ஒண்ணும் இல்லன்னு தெரிஞ்சா ஒங்கள எடுத்துருவாங்கள்ல."

"நீ ஒரு வார்த்த சொல்லியிருந்தா, வலி என்னுதுன்னு எனக்கு அன்னைக்கே தெரிஞ்சிருக்குமே! நான் ஒன் கையக் காப்பாத்துதேன், ஒன் கையக் காப்பாத்துதேன்னு..." மேஜைமேல் கிடந்த மிளகுத் தூளைத் தட்டிவிட்டாள். "அப்ப நான் இந்த வருசம் பூரா யாருக்காகப் பல்லக் கடிச்சேன்?"

இரக்கத்தில் சொன்ன பொய்யும் ஒரு தோளை அறுக்கும் என்று அவன் அன்றுதான் தெரிந்துகொண்டான். தலையைக் குனிந்தபடி நின்றான்.

டாக்டர்தான் மெதுவாகக் கேட்டார். "சலேத், எனக்கு ஒண்ணு தெரியணும். இத்தனை வருஷம் எனக்குக் காட்டின விரலெல்லாம் நிஜந்தானா?"

சலேத் தன் கையைப் பார்த்தாள். "ஒண்ணு கம்மி" என்றாள் கடைசியில்.

டாக்டர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டு வெகுநேரம் அதைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

மறுநாள் இசக்கியே பத்திரிகைக்காரர்களைக் கூப்பிட்டு எல்லாவற்றையும் சொன்னான். மணி இல்லாமல் ஆடியதற்கு அவனுக்கு ஒரு பருவம் தடை. ஒசாகாவும் போயிற்று. சலேத்துக்குத் தோளைத் தைத்தார்கள். அழைப்பு வரவில்லை. துறைமுக ரோட்டுப் பலகையில் அவள் கை இருந்த இடத்தில் ஒரு குளிர்பானம் வந்தது. ஆனால் அடுத்த பருவம் தொடங்கிய கொஞ்ச நாளில் பினாங்கில் ஒரு கேட்சர் கையை மூடினாள். பிறகு கொழும்பில் ஒருத்தி. பிறகு மொம்பாசாவில். ஒரே பருவத்தில் அத்தனை பேரையும் அனுப்பிவிட முடியுமா? வரதராஜன்கள் தலையைச் சொறிந்தார்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமைக் காலை. கோயில் மணி அடிக்க இன்னும் நேரம் இருந்தது. ஜெனோவா முக்காலியில் உட்கார்ந்து, கையில் ரிப்பனோடு, அப்பாவைத் தேடிக்கொண்டிருந்தாள். சந்தியாகு தோணிக்குப் போயிருந்தார். சலேத்தின் கை இப்போது நெஞ்சுவரை வலியில்லாமல் எழும். அதற்கு மேலே போனால் தையல் போட்ட இடம் இழுக்கும்.

வாசலில் இசக்கி வந்து நின்றான். கையில் அதே தைல டப்பா. அந்தச் சண்டைக்குப் பிறகு அவன் வீட்டுக்கு வருவது முதல் தடவை.

"யக்கா, கோவமா இருக்கீங்களா?"

"இருக்கேன். உள்ள வா."

வந்து டப்பாவைத் திறந்தான். இரண்டு மணிகள், அவனுடையதும் அவளுடையதும். "ஒரே ஒரு பின்னலுக்கு" என்றான். "இந்தத் தடவ நீங்க பிட்சரு, நான் கேட்சரு."

"பைத்தியமாலே ஒனக்கு?"

"ஒரே ஒரு பின்னலு யக்கா."

ஜெனோவாவின் முகத்தைப் பார்த்தாள். சரி என்றாள். அவன் காதுக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டான். அவளும் ஒட்டிக்கொண்டாள். சீப்பை எடுத்துக் கையைத் தூக்கினாள்.

கனவில் பறப்பீர்களே, அப்படி எழுந்தது அந்தக் கை. எங்கேயும் நிற்கவில்லை. மகளின் உச்சிவரை போனது, வகிடு எடுத்தது, மூன்று புரியாகப் பிரித்தது. சலேத்துக்குத் தான் எங்கே இருக்கிறோம் என்பதே மறந்துபோயிற்று. ஜன்னலில் கடல் தெரிந்தது. பனிக்குள் மைதானம் மெல்ல ஏறி இறங்கிக்கொண்டிருந்தது. அவள் பாட்டு ஒன்றை முணுமுணுத்தாள். கையை இன்னும் உயரத் தூக்கினாள்.

எதிரே சுவரில் கண்ணாடி. அதில் ஜெனோவா தெரிந்தாள். ஜெனோவாவுக்குப் பின்னால், வாசற்படியில் உட்கார்ந்திருந்த இசக்கி தெரிந்தான். உதட்டைக் கடித்துக்கொண்டு கடலைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"எத்தன?" என்றாள் சலேத்.

அவன் ஒரு விரலைக் காட்டினான்.

"எலே."

இரண்டு விரல்.

"அந்த வித்தையெல்லாம் நான் பாத்தாச்சு. கொறைக்காமக் காட்டு."

மூன்றாவது விரல் மெல்ல எழுந்தது. நாலாவதும் துடித்தது, எழலாமா வேண்டாமா என்று.

அது முழுதாக எழுமுன் சலேத் காதுக்குப் பின்னாலிருந்து மணியைப் பிய்த்துவிட்டாள். வலி திரும்பி வந்தது. வெளியே விளையாடப் போன பிள்ளை வீடு திரும்புகிற மாதிரி, நேராக வந்து அதன் இடத்தில் உட்கார்ந்தது. அது தன்னுடையதுதான் என்று இந்தத் தடவை அவளுக்குச் சந்தேகமே வரவில்லை. கை தானாக நெஞ்சுவரை இறங்கியது. பாதி பின்னல் அவிழத் தொடங்கியது.

"என்னம்மா?" ஜெனோவா திரும்பிப் பார்த்தாள்.

"வலிக்கிட்டி" என்றாள் சலேத். அந்த வார்த்தையை மகளிடம் அவள் சொல்வது அதுதான் முதல் தடவை. "இதுக்கு மேல கை எட்டாது."

ஜெனோவா ஒரு நிமிஷம் அம்மாவின் கையைப் பார்த்தாள். பிறகு முக்காலியை விட்டு இறங்கி, அதை ஓரமாகத் தள்ளிவிட்டு, அம்மாவின் காலடியில் தரையில் உட்கார்ந்தாள். தலை இப்போது சலேத்தின் நெஞ்சுக்குக் கீழே வந்துவிட்டது.

"இதச் சொல்லியிருந்தா எப்பவோ எறங்கி உக்காந்திருப்பேன்லாம்மா" என்றாள்.

கை எட்டியது.